நார்த் ஷோர் நாட்குறிப்பு: பதினோரு பெட்டிகளும் ஓர் அலையும்

முதல் நாள்

ஹவாயின் ஹொனலுலுவில் இறங்கும்போது லேசான தூறல். அங்கிருந்து நார்த் ஷோர் என்ற வடகரைக்குக் காரில் ஒரு மணி நேரம். ஓவாஹு தீவின் நடுவே மேடேறி, வஹியாவாவைத் தாண்டியதும் சாலை சரியத் தொடங்குகிறது. அன்னாசித் தோட்டங்களைக் கடந்து கொஞ்ச தூரத்தில் கடல் கண்ணில் படுகிறது. வண்டி ஓட்டியவர் அந்த இடத்தில் வேகத்தைக் குறைத்து எட்டிப் பார்த்தார். ஒன்றும் சொல்லாமல் மறுபடி வேகம் பிடித்தார். ஸ்வெல், அதாவது தொலைதூரப் புயல் கிளப்பிவிடும் அலை வரிசை, வந்திருந்தால் அந்த மேட்டிலிருந்தே கடல் கோடு கோடாகத் தெரியுமாம். இன்று துடைத்து வைத்த பலகை மாதிரி இருந்தது.

அவரால்தான் இந்தப் பயணம். கிட்டத்தட்ட முப்பது வருடமாக சர்ஃபிங் (அலைச்சறுக்கு) ஆவணப்படங்கள் மட்டுமே எடுத்து வருகிறவர். பின்னால் நிறுவனம் கிடையாது, தயாரிப்பாளர் கிடையாது. கேமரா அவருடையது, கடனும் அவருடையது. பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் இங்கே 'அவர்' என்றே எழுதுகிறேன். நான் ஒலிப்பதிவு செய்பவன். இந்தக் குளிர்காலத்தோடு அவர் முடிக்கப்போகிற படத்துக்கு அலைகளின் சத்தம் வேண்டும் என்று கூப்பிட்டிருந்தார். எட்டு நாள். அன்றன்று நடந்ததை அன்றிரவே எழுதிவிடுவதாக உத்தேசம்.

ஒவ்வொரு குளிர்காலமும் அவர் வாடகைக்கு எடுக்கும் அறை கமேஹமேஹா நெடுஞ்சாலையை ஒட்டி இருக்கிறது. நெடுஞ்சாலை என்றாலும் போக ஒரு வழி, வர ஒரு வழிதான். கோழிகள் குறுக்கே நடந்து போகின்றன. அறையில் ஒரு கட்டில், ஒரு மேசை, சுவரோரமாகப் பதினோரு பிளாஸ்டிக் பெட்டிகள். பெட்டிகளுக்கு மேலே துணி போர்த்தி, பக்கத்தில் ஈரம் உறிஞ்சும் இயந்திரம் ஓடிக்கொண்டே இருக்கிறது. கட்டிலில் எனக்கு இடம் கொடுத்துவிட்டு அவர் தரையில் படுத்துக்கொண்டார். எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை.

இரண்டாம் நாள்

அலை இல்லை. சூரியன் வரும் முன்பே கடற்கரைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்து, "இன்று பெட்டிகளைப் பார்க்கலாம்" என்றார்.

மூன்றாவது பெட்டியில் 16 எம்எம் சுருள்கள், தகர டப்பாவில். நான்காவதிலிருந்து மினி-DV வீடியோ டேப்கள். பிறகு ஹார்ட் டிஸ்க்குகள். ஒவ்வொன்றின் மேலும் தேதி, இடம், காற்று வீசிய திசை, தண்ணீரில் யார் யார் இருந்தார்கள் என்று பொடி எழுத்தில் எழுதி ஒட்டியிருக்கிறார். முப்பது வருட ஒழுங்கு. அதைப் பார்க்கும்போது, இந்தத் தொழிலில் கேமராவைப் பிடிப்பதற்குச் சமமான வேலை இந்தப் பேனா வேலை என்று எனக்குத் தோன்றியது.

முதல் இரண்டு பெட்டிகளில் மட்டும் சுருள் எதுவும் இல்லை. பெட்டிக்கு ஒன்றாக நோட்டுப் புத்தகம்தான் இருந்தது.

அந்தக் கதையை மெதுவாகச் சொன்னார். இங்கே வந்த முதல் இரண்டு குளிர்காலங்களும் சாவி கொடுத்து ஓட்டும் பழைய போலெக்ஸ் கேமராவில்தான் எடுத்திருக்கிறார். அதில் முழுச் சாவி கொடுத்தால் நொடிக்கு 24 ஃப்ரேம் வேகத்தில் அரை நிமிடத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஓடும். 100 அடிச் சுருள் இரண்டே முக்கால் நிமிடம். அலையை மெதுவாகக் காட்ட வேண்டும் என்று 64 ஃப்ரேமுக்கு மாற்றினால் அதே சுருள் ஒரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதனால் எந்த அலைக்குப் பொத்தானை அழுத்துவது, எதை விடுவது என்பதுதான் முதலில் கற்றுக்கொண்ட பாடம். சுருளைக் கழுவப் பணம் வேண்டும், திரும்பிப் போக டிக்கெட் வேண்டும். அப்போது வயது 24. விளையாட்டு உடை விற்கும் நிறுவனம் ஒன்று இரண்டு குளிர்காலத்துச் சுருள்களையும் மொத்தமாகக் கேட்டது. 'எல்லா உரிமையும், எக்காலத்துக்கும்' என்ற தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டார். அந்த நிறுவனம் பிறகு கைமாறி, மறுபடியும் கைமாறியது. நான்கு முறை கேட்டுப் பார்த்திருக்கிறார். உரிமை எங்களிடம்தான் இருக்கிறது, சுருள் எங்கே என்று தெரியவில்லை என்பதே ஒவ்வொரு முறையும் வந்த பதில்.

இரண்டாவது நோட்டைத் திறந்து ஒரு பக்கத்தைக் காட்டினார். ஜனவரி மாதம், பைப்லைன் (இந்தக் கரையில் அலை உடையும் ஓர் இடம்), சுருள் 14, காலை 8.20, தென்கிழக்குக் காற்று. அந்த ஆண்டு அறை வாடகையைப் பகிர்ந்துகொண்ட நண்பர் சறுக்கிய அலை. நண்பர் இப்போது உயிரோடு இல்லை. இவர் எடுத்ததிலேயே சிறந்த காட்சி அதுதானாம். இவரிடம் இருப்பது அந்தக் காட்சி பற்றிய இந்த நாலு வரிதான்.

பிற்பகலில் நான் மட்டும் ஷார்க்ஸ் கோவ் என்ற சிறு குடாவுக்குப் போய், பாறைகளுக்கு நடுவே ஹைட்ரோஃபோனை, தண்ணீருக்குள் கேட்கும் மைக்கை, இறக்கினேன். முதலில் எண்ணெயில் கடுகு வெடிப்பதுபோல் ஓயாத சடசடப்பு. பாறை இடுக்குகளில் இருக்கும் சிறு இறால்கள் எழுப்பும் சத்தம் அது. அதற்கு அடியில், எங்கோ தொலைவில், நீண்ட முனகல் போல ஒன்று ஏறி இறங்கியது. குளிர்காலத்தில் ஹவாய்க்கு வரும் கூன்முதுகுத் திமிங்கலத்தின் பாட்டு. ஹெட்ஃபோனைக் கழற்ற மனம் வராமல் இருட்டும் வரை உட்கார்ந்திருந்தேன்.

மூன்றாம் நாள்

காலையில் காகித வேலை. வணிக நோக்கத்தில் இங்கே படமெடுக்க மாநிலத்தின் கடற்கரைக்கும் கடலுக்கும் ஓர் அனுமதி, நகர நிர்வாகத்தின் பூங்காக்களுக்கு வேறோர் அனுமதி. கூடவே காப்பீட்டுச் சான்று. ட்ரோன் பறக்கவிடுகிறவருக்குத் தனி உரிமம். படத்தில் முகம் தெரியும் ஒவ்வொரு சர்ஃபரிடமும் கையெழுத்து. எல்லாவற்றையும் அவரே செய்கிறார். சுயாதீனம் என்றால் இதையெல்லாம் செய்ய வேறு ஆள் இல்லை என்பதும்தான்.

அப்புறம் கணினியில் வானிலை வரைபடம். அலாஸ்காவை ஒட்டிய அலூஷியன் தீவுகளுக்குத் தெற்கே இரண்டு நாட்களுக்கு முன் ஒரு புயல் உருவாகியிருக்கிறது. அங்கே காற்று கிளப்பிவிட்ட அலைகள்தான் இங்கே வந்து உடையப்போகின்றன. ஓர் அலைக்கும் அடுத்த அலைக்கும் இடையே 18 நொடி இருந்தால் அந்த ஸ்வெல் ஆழ்கடலில் மணிக்குச் சுமார் 50 கிலோமீட்டர் வேகத்தில் நகரும். 4,000 கிலோமீட்டர் கடக்க மூன்று நாளுக்குக் கொஞ்சம் மேல். ஆகவே நாளை இரவு வந்து சேரும். வடமேற்கே நடுக்கடலில் மிதக்கும் அளவீட்டு மிதவையில் எண் மாறினால், அதற்குப் பிறகு அரை நாள் அவகாசம்தான். இந்த அரை நாளுக்குள் உலகத்தின் வேறு மூலைகளிலிருந்து விமானம் பிடிக்கிறவர்களும் உண்டு. இவர் குளிர்காலம் முழுக்க இங்கேயே இருந்து காத்திருக்கிற ரகம்.

மாலையில் இஹுகாய் கடற்கரைப் பூங்காவில் உட்கார்ந்திருந்தோம். எதிரே பைப்லைன், இன்னும் உறக்கத்தில். இந்தப் பெயரே ஒரு படப்பிடிப்பில் கிடைத்ததுதான். 1961 டிசம்பரில் சர்ஃபிங் படங்கள் எடுத்த புரூஸ் பிரவுன் இங்கே கேமராவோடு நின்றிருக்கிறார். சர்ஃபர் ஃபில் எட்வர்ட்ஸ் தண்ணீரில் இருக்கிறார். அதுவரை யாரும் சரியாக ஓட்டாத இந்த அலையில் ஏறி வெளியே வருகிறார். பக்கத்துச் சாலையில் அப்போது குழாய் பதிக்கும் வேலை நடந்துகொண்டிருந்ததைப் பார்த்து, கூட இருந்த மைக் டிஃபெண்டர்ஃபர் 'பைப்லைன்' என்று பெயர் வைக்கச் சொன்னார். அந்தப் பெயர் பிரவுனின் படத்தோடு சேர்ந்து நிலைத்துவிட்டது.

இவருக்கு பிரவுனைப் பற்றிப் பேசினால் முகமே மாறிவிடும். பலகை செய்து விற்ற டேல் வெல்ஸி கொடுத்த 5,000 டாலரில் கேமரா, சுருள், ஹவாய் பயணம் எல்லாமே முடிந்திருக்கிறது. படமெடுப்பது எப்படி என்ற புத்தகத்தை விமானத்தில் வைத்துப் படித்துக்கொண்டே வந்தவர் இளைஞரான பிரவுன். முதல் படம் 1958-ல். அதற்கும் ஐந்து வருடம் முன்னால், 1953-ல், பட் பிரவுன் என்ற கடற்கரைக் காவலர், பள்ளி ஆசிரியராகவும் இருந்தவர், தான் ஹவாயில் எடுத்ததையெல்லாம் ஒட்டி சாண்டா மோனிகாவின் ஒரு பள்ளி அரங்கில் காட்டியிருக்கிறார். நுழைவுக் கட்டணம் 65 சென்ட். சர்ஃபிங் படத்தைக் காசுக்குக் காட்டியது அதுதான் முதல் முறை என்கிறார்கள். கேமராவுக்கு நீர்புகா உறையைத் தானே செய்து, தண்ணீருக்குள் போய் எடுத்தவர் அவர். அறுபது வயதைத் தாண்டியும், 1978-ல் வந்த ஒரு ஹாலிவுட் படத்துக்காக இதே கரையின் பெரிய அலைகளுக்குள் நீந்தியிருக்கிறார்.

நான்காம் நாள்

பகல் முழுக்க ஒன்றுமில்லை. இரவு இரண்டரை மணிக்கு விழித்தேன். ஜன்னல் கண்ணாடி லேசாக அதிர்ந்தது. கடலிலிருந்து, சாலைக்கு அந்தப் பக்கமிருந்து, லாரி ஒன்று முழுச் சரளைக் கல்லையும் கொட்டுவது போல ஒரு சத்தம். பிறகு அமைதி. எண்ணினேன். பதினேழு நொடி. மறுபடியும் கொட்டியது. தரையில் படுத்திருந்தவர் கண்ணைத் திறக்காமலே, "வந்துவிட்டது, தூங்குங்கள்" என்றார். அதற்குப் பிறகு எங்கே தூங்குவது.

ஐந்தாம் நாள்

இன்றைய நாளை எழுத எனக்குக் கை நடுங்குகிறது, களைப்பில்.

விடிவதற்கு முன்பே கரையில் இருந்தோம். இங்கே காலைச் சூரியன் நமக்குப் பின்னால், தீவின் பக்கமிருந்து வருகிறது. வெளிச்சம் நேராக அலையின் முகத்தில் விழும். கரையில் ஏற்கெனவே பத்துப் பதினைந்து பேர், நீளமான டெலி லென்ஸ்களோடு. அவர்களுக்கு நடுவே இவரும் ஒரு ட்ரைபாடை நட்டு, ஓர் இளம் பெண்ணை அதில் நிறுத்தினார். மூன்று குளிர்காலமாக அவரிடம் வேலை கற்றுக்கொள்பவர். பிறகு அவர் தன் ஹவுசிங்கை, கேமராவின் நீர்புகா உறையை, எடுத்துக்கொண்டார். கனமான அலுமினியப் பெட்டி, முன்னால் அரைக்கோளக் கண்ணாடி, உள்ளே மீன்கண் லென்ஸ். கண்ணாடியை நாக்கால் நக்கினார். அப்படிச் செய்தால் தண்ணீர் முத்து முத்தாக நிற்காமல் வழுக்கி ஓடிவிடும். தண்ணீரில் எடுக்கிறவர்கள் எல்லோரும் செய்வதுதான் என்றாலும், நேரில் பார்க்கும்போது ஏதோ வழிபாட்டுக்கு முன்னால் செய்கிற காரியம் போலத் தெரிந்தது.

காலில் நீந்த உதவும் ஃபின்ஸ், தலையில் ஹெல்மெட். நீரோட்டம் எந்தப் பக்கம் இழுக்கும் என்று பார்த்து, தள்ளிப் போய், இரண்டு அலை வரிசைகளுக்கு இடையே கிடைத்த அமைதியில் இறங்கினார். வயது ஐம்பதைத் தாண்டியவர். ஒரு நிமிடத்தில் தலை மட்டும் புள்ளியாகத் தெரிந்தது.

பைப்லைனில் அலை உடைவது ஆழம் குறைந்த பாறைத் தளத்தின் மேல். பெருங்கடலின் ஆழத்திலிருந்து தடையில்லாமல் வந்த தண்ணீர் அந்தப் பாறையில் முட்டி நிமிர்ந்து, தன் மேலேயே கவிழ்ந்து குழலாகிறது. அதற்குள் சர்ஃபர் வரும் வழியில் இவர் மிதந்துகொண்டிருக்க வேண்டும். கை நீட்டினால் தொடும் தூரத்தில் பலகை கடந்து போகும். கடைசி நொடியில் அலைக்கு அடியில் மூழ்கிப் பின்பக்கமாக வெளியே வர வேண்டும். கொஞ்சம் பிந்தினால் பாறை. குழலுக்குள் நான்கு நொடி இருந்தால் அது பெரிய அலை. நொடிக்கு 120 ஃப்ரேமில் எடுத்து 24-ல் ஓட்டினால் அந்த நான்கு இருபதாகும். பார்க்கிறவருக்கு இருபது நொடி. இவருக்கு அதற்காக இரண்டு மணி நேரம் மிதப்பு.

நான் மணலில் மண்டியிட்டு, காற்றுத் தடுப்புக்குள் வைத்த மைக்கைப் பிடித்திருந்தேன். சர்ஃபிங் படங்களில் கேட்கும் அலைச் சத்தம் பெரும்பாலும் இப்படித் தனியாகப் பதிவானதுதான். வேகம் குறைத்துக் காட்டும் காட்சிக்குக் கூடவே பதிவாகும் சத்தம் உதவாது. பைப்லைனின் சத்தத்தில் மூன்று அடுக்கு உண்டு என்று இன்று கண்டுகொண்டேன். முதலில் அலை நிமிரும்போது பாறை மேலிருந்த தண்ணீரை உறிஞ்சுகிற சீற்றம். அடுத்து அலையின் உதடு, அதாவது கவிழும் மேல் விளிம்பு, விழும் அடி, அது காதில் கேட்பதைவிட நெஞ்சில்தான் விழுகிறது. கடைசியில் குழலுக்குள் அடைபட்ட காற்று வெளியே பீறிடும் மூச்சு. சர்ஃபர் வெளியே வந்தால் அந்த மூச்சுக்கு நடுவே கரையிலிருந்து ஒரு கூச்சல் சேர்ந்துகொள்ளும்.

மூன்றாவது மணி நேரத்தில் அவர் சைகை காட்டிக்கொண்டே கரைக்கு வந்தார். ஹவுசிங்குக்குள் தண்ணீர். மூடியின் ஓ-ரிங் என்ற ரப்பர் வளையத்தின் மேல் ஒரே ஒரு தலைமுடி கிடந்திருக்கிறது. விடிகாலை இருட்டில் மூடியபோது சிக்கியிருக்க வேண்டும். கேமரா போய்விட்டது. லென்ஸும் சந்தேகம்தான். அவர் மணலில் உட்கார்ந்து முதலில் மெமரி கார்டைத்தான் வெளியே எடுத்தார். நல்ல தண்ணீரில் கழுவி, துடைத்து, சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு, "இது பிழைக்கும்" என்றார். இரவில் பார்த்தோம். பிழைத்திருந்தது.

ஆறாம் நாள்

ஸ்வெல் இன்னும் பெருத்து, பைப்லைன் ஒழுங்கில்லாமல் குலைந்துவிட்டது. எல்லோரும் வைமேயா வளைகுடாவுக்கு. இங்குள்ளவர்கள் 'பதினெட்டு அடி' என்கிறார்கள். ஹவாய்க் கணக்கில் அலையின் முகம் கிட்டத்தட்ட அதைப் போல இரண்டு மடங்கு. வளைகுடாவின் மேலே மாதா கோயில் கோபுரம். ஒரு காலத்தில் சாலை போடக் கல் உடைத்த ஆலையின் கோபுரம் அது. அங்கிருந்து பார்த்தால் அலை முகத்தில் மனிதர்கள் அரிசி மணிகள் போல இறங்குகிறார்கள். கரையோர அலை மணலில் அறையும்போது தரை அதிர்வதைப் பதிவு செய்தேன். 1967 வாக்கில் இந்தக் கரையின் முதல் உயிர்காப்பாளர்களில் ஒருவராக நின்ற எடி ஐகாவ்வைப் பற்றி அவர் நிறையப் பேசினார். அது தனியாக எழுத வேண்டிய விஷயம்.

கேமரா இல்லாததால் இன்று அவர் வெறும் பார்வையாளர். அந்த இளம் பெண்தான் எல்லாவற்றையும் எடுத்தார். திரும்பும் வழியில், ஒரு நிறுவனம் நேற்றைய காட்சிகளைக் கேட்டுத் தனக்கு எழுதியிருப்பதாக அந்தப் பெண் அவரிடம் சொன்னார். நல்ல தொகை. அவர் வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டு ஒப்பந்தத்தை வாங்கி, கைப்பேசியில் வரி வரியாகப் படித்தார். "ஒரு வருடம், இணையத்துக்கு மட்டும் என்றால் கொடு. மூலம் உன்னிடமே இருக்கட்டும். எக்காலத்துக்கும் என்ற சொல்லை எடுக்கச் சொல்." அந்தப் பெண் அங்கேயே பதில் எழுதினார்.

ஏழாம் நாள்

பகல் முழுக்க எடிட்டிங். அறைக்கு வெளியே மழை.

நடு நடுவே பிழைப்பைப் பற்றிப் பேச்சு. படங்களால் அவருக்கு நேரடியாக வருவது கொஞ்சம்தான். பழைய ஃபூட்டேஜை நொடிக் கணக்கில் உரிமம் கொடுப்பதில் வருவதுதான் வருடத்தைத் தள்ளுகிறது. மூன்றாவது பெட்டி முதல் பதினொன்றாவது வரை எல்லாம் அவருடையது என்பதால் அது நடக்கிறது. அப்புறம் பிறர் படத்துக்குத் தண்ணீரில் கேமரா பிடிக்கும் நாள் கூலி, எப்போதாவது நிதியுதவி.

படத்தை மக்களிடம் கொண்டுபோகும் வழி மட்டும் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. அந்தக் காலத்தில் அரங்கை வாடகைக்கு எடுத்து, சுவரொட்டியைத் தானே ஒட்டி, மேடையோரம் நின்று நேரடியாகக் கதை சொல்லிக் காட்டினார்கள். ஜான் செவர்சன் 1960-ல் தன் படத்தோடு விற்க அச்சிட்ட 36 பக்கப் புத்தகம்தான் பிறகு 'சர்ஃபர்' பத்திரிகையாக வளர்ந்தது. புரூஸ் பிரவுன் 50,000 டாலரில் உலகம் சுற்றி எடுத்த 'தி எண்ட்லெஸ் சம்மர்' படத்தைக் கடலிலிருந்து பத்து மைல் தாண்டி யாரும் பார்க்க மாட்டார்கள் என்று விநியோகஸ்தர்கள் ஒதுக்கினார்கள். அவர் அதைக் கடலே இல்லாத கான்சாஸின் விச்சிட்டாவுக்குக் கொண்டுபோய், கடும் குளிர்காலத்தில் இரண்டு வாரம் அரங்கு நிறைய ஓட்டினார். பிறகு நியூயார்க்கில் தானே அரங்கம் எடுத்தார். 2002-ல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அந்தப் படம் சேர்க்கப்பட்டது. 1992-ல் சர்ஃபிங் படம் எடுத்த டெய்லர் ஸ்டீல் வீடியோ கேசட்டில் அதே வேலையைச் செய்தார். இப்போது இணையம். அங்கே காட்டுவது சுலபம், காசு வருவது கடினம். அதனால் இவர் திரைப்பட விழாக்களுக்குப் பிறகு ஊர் ஊராகத் தானே படத்தைக் கொண்டுபோய்க் காட்டுகிறார். பழைய வழிதான்.

மாலையில் படத்தின் அந்த இடத்துக்கு வந்தோம். நண்பரின் அலை இருக்க வேண்டிய இடம். வேறு யாருடைய அலையையாவது போட்டு நிரப்பலாமே என்று பலர் சொல்லியிருக்கிறார்களாம். அவர் மறுத்துவிட்டார். திரையில் அந்த நோட்டுப் பக்கம் மட்டும் வருகிறது. சுருள் 14, காலை 8.20. நேற்று முன்தினம் அதே பைப்லைனில், கிட்டத்தட்ட அதே நேரத்தில் நான் பதிவு செய்த ஓர் அலையை அதன் மேல் வைத்துப் பார்த்தோம். சீற்றம், அடி, மூச்சு. கரைக் கூச்சல் இல்லாத அலையாகத் தேர்ந்தெடுத்தேன்.

சத்தம் இந்த வருடத்துடையது என்பதைத் திரையில் எழுத வேண்டும் என்றார். எழுதினால் அந்த நொடியின் கனம் குறையும் என்று எனக்குத் தோன்றியது, சொல்லவும் செய்தேன். "பார்க்கிறவர்களிடம் பொய் சொல்லி அவனை நினைக்கக் கூடாது" என்றார். கீழே சிறிய எழுத்தில் தேதியைப் போட்டோம். மறுபடி ஓட்டிப் பார்த்தபோது நான் நினைத்தது தவறு என்று புரிந்தது. 21 நொடி. இருவரும் பேசவில்லை. ஈரம் உறிஞ்சும் இயந்திரத்தை நிறுத்திவிட்டு இன்னொரு முறை கேட்டோம்.

எட்டாம் நாள்

அதிகாலையில் எல்லாவற்றையும் மூன்று பிரதி எடுத்து முடித்தார். ஒன்று அறையில் பெட்டிகளோடு. ஒன்று அவருடைய பையில். மூன்றாவதை ஒரு பழைய துண்டில் சுற்றி என் கைப்பையில் வைத்தார். இரண்டும் ஒரே விமானத்தில் போகக் கூடாது என்பது அவர் விதி. அவர் நாளை மறுநாள்தான் கிளம்புகிறார். மேலே லக்கேஜ் தட்டில் வைக்க வேண்டாம், காலடியில் வையுங்கள் என்று இரண்டு முறை சொன்னார்.

மேட்டில் ஏறும்போது இந்த முறை நான்தான் திரும்பிப் பார்த்தேன். கடல் வடமேற்கிலிருந்து கோடு கோடாக வந்துகொண்டிருந்தது. சொன்னேன். அவர் வேகத்தைக் குறைத்து, கண்ணாடியில் ஒரு தரம் பார்த்தார்.

இதை விமானத்தில் எழுதுகிறேன். பை காலடியில் இருக்கிறது.